மலையாரின் பத்திரத்தில் நான் எழுதுவித்த நாடு

ரஷ்யாவில் அணுவுலை வெடித்து, மழையில் நனையாதே, பாலைக் குடிக்காதே, தோட்டத்துக் கீரையைத் தொடாதே என்று ஜெர்மன் சனம் பயந்து கிடந்த வருடம். அதே கோடையில் உதைபந்தாட்ட உலகக் கிண்ணத்தில் இவர்கள் ஆர்ஜென்டீனாவிடம் தோற்றார்கள். மறுநாள் தெருவெல்லாம் செத்தவீடு மாதிரி இருந்தது. அந்த மறுநாள்தான் மலையார் ஒரு தோள்பையோடு வந்து எங்கள் அறைக் கதவைத் தட்டினார். இத்தனை வருடம் கழித்து, போன செவ்வாய்க்கிழமை காலை பத்து மணிபோல முதியோர் இல்லத்துத் தாதி ஒருத்தி தொலைபேசியில் கூப்பிட்டு, அவர் நித்திரையிலேயே போய்விட்டார் என்று சொன்னாள். நான் நன்றி சொல்லி வைத்தேன். அடுப்பில் கிடந்த பருப்பை இறக்கினேன். பிறகு சோறும் தின்றேன். அழுகை வரவில்லை. இதைச் சொல்லும் இன்றைக்கும் வரவில்லை.

கொலோன் பக்கத்துத் தமிழ்ச் சனத்துக்கு அவரைத் தெரியும். தெரியாத இளம் ஆட்களுக்காகச் சொல்கிறேன்: அவர் தமிழர் அல்ல. பெயர் கரீம்தாத். இந்தியாவும் பாகிஸ்தானும் ஆளுக்கொரு துண்டாகப் பிடித்து வைத்திருக்கும் காஷ்மீர் மலைநாட்டுக்காரர். எங்கள் கல்யாண வீடுகளுக்கு முதல் ஆளாக வருவார். செத்தவீடுகளில் கடைசி ஆளாக எழும்பிப் போவார். வெள்ளிக்கிழமை அவரை அடக்கம் செய்த இடத்தில், அந்தக் காலத்தில் எங்களோடு ஒரே அறையில் இருந்த தவம், எல்லாரும் கேட்டுப் பழகிய கதையை இன்னொரு முறை சொன்னான்.

"கந்தோர் ஜெர்மன்காரி தன்ர ஆயுளில விட்ட ஒரே ஒரு பிழை மலையாரின்ர பாஸ்போட்டிலதான்."

மண் போட்ட கையைத் துடைத்துக்கொண்டு சனம் சிரித்தது. நானும் சிரித்தேன். வீட்டுக்கு வந்த பிறகுதான், அந்தக் கதையைத் திருத்த இனி வேறு ஆள் இல்லை என்பது உறைத்தது. எனக்கு எழுத வராது. நான் சொல்ல, மகள் எழுதுகிறாள்.

அகதிகளுக்கென்று ஒதுக்கிய பழைய பாடசாலைக் கட்டடம் அது. நாற்பது பேர் இருந்தோம். முக்கால்வாசி யாழ்ப்பாணத்து ஆட்கள். எங்கள் அறையில் நானும் தவமும் மலையாரும். நான் ஊரைவிட்டு முதலில் போனது அபுதாபிக்கு. அங்கே பட்டாணியரோடு ஆறு வருடம் கொங்கிறீட் குழைத்ததில் உருது நாக்கில் ஏறிவிட்டது. ஜெர்மனும் அப்படித்தான், காதால் பிடித்தது. ஆகவே மலையாரோடு கதைக்கக் கூடியவன் அந்தக் கட்டடத்தில் நான் ஒருவன். நாங்கள் கதைத்தது உருதுவில். அதை என் வாய்க்கு வருகிற தமிழில்தான் இங்கே சொல்ல ஏலும்.

வந்த முதல் நாளே அவர் தேநீருக்குள் உப்பைப் போட்டார். தவம் பார்த்துக்கொண்டிருந்தான்.

"துரை அண்ணை, உவரிட்டச் சொல்லுங்கோ, அது சீனி இல்லையெண்டு."

சொன்னேன். மலையார் ஒரு வாய் குடித்துவிட்டு, "சீனி போட்டால் அது குழந்தைப்பிள்ளையின்ர மருந்து எண்டு அவரிட்டச் சொல்லும்" என்றார். அன்றைக்குத் தவம் வைத்த பெயர்தான் மலையார்.

அந்த மாரிகாலத்தில் வேலை செய்ய அனுமதி இல்லை, மாவட்டத்தைவிட்டு வெளியே போகவும் அனுமதி இல்லை. பின்னேரங்களில் அவர் தன் சாம்பல் நிறப் போர்வையைக் கட்டிலில் உதறிப் போடுவார். அது விழுந்து சுருங்குகிற சுருக்கங்கள்தான் மலைகள். பள்ளத்தில் ஒரு சப்பாத்துக் கயிற்றை வளைத்து வைப்பார், அது ஆறு. ஒரு கரையில் கிஷன்கங்கா என்றும் மறுகரையில் நீலம் என்றும் பெயர் சொல்கிற ஆறு. எங்கள் ஊரில் பனையைவிட உயரமான ஒன்றை நான் கண்டதில்லை. ஒரு நாட்டின் சரித்திரத்தை நான் முழுதாகக் கேட்டது அந்தப் போர்வையைப் பார்த்துத்தான்.

"நூற்றி நாற்பது வருசத்துக்கு முன்னம் வெள்ளைக்காரன் இதை ஒரு ராசாவுக்கு வித்தவன். மலையை வித்தவன், ஆட்டை வித்தவன், எங்களையும் சேத்து வித்தவன்" என்று தொடங்குவார். பிறகு வெள்ளைக்காரன் போன வருடம். இந்தப் பக்கமா அந்தப் பக்கமா என்று அப்போதிருந்த ராசா யோசித்துக்கொண்டிருக்க, மேற்கேயிருந்து மலைச்சாதி ஆட்கள் துவக்கும் தோட்டாவுமாக வந்தார்கள். ராசா பயந்து இந்தியாவுக்குக் கையெழுத்து வைத்தான். இந்தியாவின் படை விமானத்தில் வந்து இறங்கியது. ஒரு வருடத்துக்கு மேல் சண்டை. "ஆக்கள் களைச்சுப்போய் எங்க நிண்டினமோ அந்த இடம் எல்லையாப் போச்சுது. களைப்புக்குப் போட்ட கோடு, துரை." பிறகு அறுபத்தைந்தில் ஒரு சண்டை, எழுபத்தொன்றில் ஒரு சண்டை. "கோட்டுக்குப் பெயரை மாத்தினவை. கோட்டை மாத்தேல்லை."

கோடு போட்ட பிறகும் அவருடைய ஊரில் சனம் கயிற்றுப் பாலத்தில் களவாகப் போய்வந்தது. அறுபத்தைந்தில் அவருக்கு இருபத்திரண்டு வயது. ஆடுகளோடு அக்கரைக்குப் போயிருந்த நேரத்தில் சண்டை மூண்டது, பாலத்தை வெட்டிவிட்டார்கள். தாய் இந்தியக் கரையில், இவர் பாகிஸ்தான் கரையில். அதற்குப் பிறகு இருபது வருடம் அவர் தாயைப் பார்த்துக்கொண்டே இருந்தார். நூறு மீற்றர் தூரம்தான். பெருநாளுக்குத் தாய் நல்ல உடுப்புப் போட்டுக்கொண்டு கரைக்கு வந்து நிற்பாள். இவரும் போய் நிற்பார். ஆற்றின் இரைச்சலில் ஒரு சொல்லும் வந்து சேராது. தாய் வாயை அசைப்பது தெரியும்.

"அம்மா கிழவியானதைக் கண்ணால கண்டனான்" என்றார் ஒருநாள். "குரல் மட்டும் எனக்கு இன்னும் நாற்பது வயசுக்காரியின்ர குரல்தான்."

இரண்டு நாடும் வேண்டாம், எங்களை விடுங்கள் என்று அக்கரையில் கூட்டம் போட்டதற்காக பாகிஸ்தானின் இராணுவ ஆட்சியில் மறியலுக்கு, அதுதான் சிறைக்கு, போனார். வெளியே வந்ததும் சினேகிதர்கள் பாகிஸ்தான் பாஸ்போர்ட் ஒன்று எடுத்துக் கொடுத்து விமானத்தில் ஏற்றிவிட்டார்கள். அதனால் கண்ணால் காண்பதும் இல்லாமல் போயிற்று. அவர் அகதிப் பத்திரத்துக்குக் காத்திருந்தது இந்த நாட்டில் வீடு வாசல் வைப்பதற்காக அல்ல. அந்தப் பத்திரம் கிடைத்தால் இந்தியாவுக்கு விசா கேட்கலாம். தாயின் கரைக்கு மறுபக்கத்தால் போகலாம். கிட்ட இருந்து ஒருதரம் கதைக்கலாம். அவ்வளவுதான் அவருக்கு வேண்டியிருந்தது.

எங்கள் மாடியில் ஒரு பாகிஸ்தான் பஞ்சாபியும் ஒரு இந்தியச் சீக்கியனும் இருந்தார்கள். இருவரும் தங்கள் தங்கள் அரசாங்கத்துக்குப் பயந்து ஓடி வந்தவர்கள்தான். ஆனாலும் வானொலியில் காஷ்மீர் மலையுச்சிப் பனிப்பாறைக்காக இரண்டு நாடும் பிடிக்கிற சண்டை பற்றிச் செய்தி வந்தால், சமையலறையில் கரண்டியோடு நின்று, அது எங்களுடையது, இல்லை எங்களுடையது என்று வாக்குவாதப்படுவார்கள். ஒருமுறை இருவரும் மலையாரை நியாயம் கேட்டார்கள்.

"அங்க புல் முளைக்காது" என்றார் மலையார், வெங்காயம் உரித்தபடி. "ஆடு போகாத இடத்துக்கு ஒரு மனிசன் போறான் எண்டால், அவனை ஆரோ அனுப்பியிருக்கினம். அனுப்பினவன் கீழ சூடா இருக்கிறான்."

பஞ்சாபி, "இவர் ரெண்டு பக்கமும் இல்லாத ஆள், இவரிட்டக் கேட்டது எங்கட பிழை" என்றான். சீக்கியன் சிரித்தான். ரொட்டியை மூன்று பேருமாகத்தான் தின்றார்கள்.

அடுத்த வருடம் ஆடியில் இலங்கையும் இந்தியாவும் ஒப்பந்தம் செய்தன. இந்தியப் படை எங்கள் ஊருக்குப் போய் இறங்கியது. இனிச் சண்டை இல்லை, ஊருக்குத் திரும்பலாம் என்று நாங்கள் பாயாசம் காய்ச்சினோம். மலையாருக்கும் ஒரு கோப்பை கொடுத்தோம். சீனித் தண்ணியென்று முகம் சுளிக்காமல் முழுவதையும் குடித்தார். பிறகு என்னிடம் மெதுவாகச் சொன்னார்: "வந்து இறங்கிற படை முதல் உம்மிட்ட வழி கேக்கும். பிறகு உம்மட வீட்டுக்குப் போற வழியை நீர் அவையளிட்டக் கேக்க வேண்டி வரும்." என்ன சொல்கிறார் என்று தவம் கேட்டான். மொழிபெயர்த்தேன். "உவருக்கு இந்தியா எண்டால் கண்ணில காட்டக் கூடாது, விடுங்கோ" என்றான் தவம். நானும் அப்படித்தான் நினைத்தேன்.

அந்த ஆவணியில் அவருடைய அகதி விண்ணப்பத்தை ஏற்றுக்கொண்டார்கள். பயணப் பத்திரத்துக்கு ஊர் அலுவலகக் கந்தோரில் டேர்மின் என்கிற சந்திப்பு நேரம் கிடைத்தது. வழக்கம்போல நாக்காக நான் போனேன். மேசைக்கு அந்தப் பக்கம் ஒரு அம்மா, மூக்குக்கண்ணாடியைச் சங்கிலியில் கோத்துக் கழுத்தில் தொங்கவிட்டவர். நல்ல மனுசி. விண்ணப்பப் பாரத்தை நிரப்பிக்கொண்டு வந்தவர் ஒரு கட்டத்தில் நிறுத்தினார்.

"என்ன கேக்கிறா?" என்றார் மலையார்.

"நாடு என்னவெண்டு கேக்கிறா."

"காஷ்மீர் எண்டு சொல்லும். ரெண்டு பேரின்ர பெயரும் அதில வரக்கூடாது எண்டு சொல்லும். வெறுமையா விட்டாலும் சரி."

சொன்னேன். அந்த அம்மா பொறுமையாக விளக்கினார். அப்படி ஒரு நாடு பட்டியலில் இல்லை. தெளிவில்லை என்று போடலாம், ஆனால் அதற்கு மேலிடத்துக்கு எழுதிக் கேட்க வேண்டும், ஒரு வருடம் போகலாம். மேசையில் கிடந்த கோப்பில் இருந்த அவருடைய பழைய பாஸ்போர்ட்டை விரலால் தட்டி, இதில் உள்ள நாட்டையே போட்டால் பத்திரம் மூன்று கிழமையில் வரும், போடட்டுமா என்று என்னைக் கேட்டார்.

நான் திரும்பி மலையாரைக் கேட்கவில்லை. "யா" என்றேன்.

இதை எழுதும் மகள் இந்த இடத்தில் நிறுத்திவிட்டு என்னைப் பார்க்கிறாள். எழுது பிள்ளை என்கிறேன்.

ஏன் சொன்னேன் என்பதற்கு மூன்று காரணம் உண்டு. தாய்க்குக் கண் மங்கிக்கொண்டு வருகிறதென்று சவூதியிலிருந்த ஒரு உறவுக்காரன் வழியாகக் கடிதம் வந்திருந்தது. ஒரு வருடம் பொறுக்குமா என்று நினைத்தேன். அது ஒன்று. இரண்டாவது, எங்கள் ஆட்களுடைய பழக்கம். எங்களுக்குப் பத்திரம் என்பது ஒரு எல்லைக் கேற்றைக் கடக்கிற சாமான். எவனோ ஒருவனின் பெயரில் வந்தோம். ஏஜென்சிக்காரன் சொல்லித்தந்த ஊரைச் சொன்னோம். எங்களில் பாதிப் பேருக்கு இன்றைக்கும் அவன் சொல்லித்தந்த ஜனவரி முதலாம் தேதிதான் பிறந்தநாள். கட்டத்தில் என்ன சொல் கிடந்தால் என்ன, ஆள் போய்ச் சேர்ந்தால் சரி என்றுதான் எங்கள் புத்தி வேலை செய்யும். அந்தக் கட்டத்துக்காக ஒரு மனிதன் மறியலில் கிடந்தான் என்பதைப் போர்வையில் பார்த்தும் நான் விளங்கிக்கொள்ளவில்லை. மூன்றாவதைச் சொல்ல வெட்கம். துரை அண்ணை போனால் ஒரே டேர்மினில் அலுவல் முடியும் என்று எனக்கு ஒரு பெயர் இருந்தது. அதைக் காப்பாற்றினேன்.

வெளியே வந்ததும், "காஷ்மீர் எண்டு எழுதினவவோ?" என்று கேட்டார்.

"ஓம்" என்றேன்.

மூன்று கிழமையில் நீலப் பத்திரம் கையில் கிடைத்தது. அவருக்கு உருது எழுத்து மட்டும்தான் வாசிக்கத் தெரியும். கந்தோர் வாசல் படியிலேயே அதைத் திறந்து, "எது அந்தச் சொல், காட்டும்" என்றார். எனக்கு எந்த எழுத்தும் வாசிக்கத் தெரியாது. யாழ்ப்பாணத்தில் பிறந்தவன் அப்படிச் சொன்னால் சனம் ஒருமாதிரிப் பார்க்கும். அதனால் அந்தக் கட்டடத்தில் ஒருவருக்கும் தெரியாமல் மறைத்து வைத்திருந்தேன். விரலைக் கொண்டுபோய் ஒரு சொல்லின் மேல் வைத்தேன். இதுதான் என்றேன். அவர் அந்த இடத்தை முத்தமிட்டார். துணியில் சுற்றிக் கழுத்தில் கட்டிக்கொண்டார். வேறு யாருக்கும் காட்டவில்லை.

ஒக்டோபரில் விசாவுக்காக, இந்தியத் தூதரகம் இருந்த பான் நகரத்துக்குப் போனார். எனக்கு மாவட்டம் தாண்ட அனுமதி இல்லை. பிடித்தால் என் விண்ணப்பத்துக்கே ஆபத்து. இருந்தும் கூடப்போனேன். அவர் அதைச் சினேகிதம் என்று நினைத்தார். எனக்கோ பயம்.

சன்னலில் இருந்த மனிதர் மரியாதையானவர். இந்தியில்தான் கதைத்தார், அங்கே என் நாக்குத் தேவைப்படவில்லை. பத்திரத்தைப் பார்த்துவிட்டுச் சொன்னார்: "நாட்டுரிமை பாகிஸ்தான் எண்டிருக்கு. நீங்கள் கேக்கிறது எல்லைப் பக்கத்து ஊர். அதுக்கு இங்க அனுமதி தர ஏலாது, ஐயா."

"நீங்கள் பிழையா வாசிக்கிறீங்கள்" என்றார் மலையார். "அதில காஷ்மீர் எண்டு கிடக்கு." தன் விரலை நீட்டி, நான் காட்டிய அதே இடத்தில் வைத்தார்.

அந்த மனிதர் குனிந்து பார்த்தார். "இது உங்கட கண்ணின்ர நிறம், ஐயா. பழுப்பு எண்டு எழுதியிருக்கு."

மலையார் என்னைத் திரும்பிப் பார்க்கவில்லை. பத்திரத்தை வாங்கி, துணியில் சுற்றி, கழுத்தில் கட்டி, சட்டைக்குள் விட்டார். ரைன் கரைவரை நடந்தோம். ஒரு மர வாங்கில் குந்தினோம். மணல் ஏற்றிய படகுகள் போய்க்கொண்டிருந்தன.

"உமக்கு வாசிக்கத் தெரியாதோ?"

"தெரியாது."

"தமிழும்?"

"தமிழும்."

"அப்ப அந்த நாடு?"

"அவ என்னைக் கேட்டவ. நான் ஓம் எண்டனான்."

அவர் எழும்பினார். பிறகு, "ரயில் எத்தினை மணிக்கு?" என்று கேட்டார். அவ்வளவுதான் கேட்டார்.

திரும்பி வந்தபோது சமையலறையில் எல்லாரும் வானொலியைச் சுற்றி நின்றார்கள். எங்கள் ஊரில் இந்தியப் படைக்கும் இயக்கத்துக்கும் சண்டை தொடங்கியிருந்தது. ஷெல் அடி, ஊரடங்கு, தொலைபேசி இல்லை. என் தாயும் மனைவியும் பிள்ளைகளும் எங்கே என்று தெரியாது. தவம் நிலத்தில் குந்தியிருந்தான். நான் உங்களுக்குச் சொன்னேனே என்று மலையார் சொல்லவில்லை. அடுப்படிக்குப் போய் முப்பது பேருக்குத் தேநீர் வைத்தார். எங்களுக்காகச் சீனி போட்டிருந்தார்.

மூன்றாம் நாள்தான் தவத்துக்கு நினைவு வந்தது. "அண்ணை, மலையாரின்ர விசா என்ன மாதிரி?"

எல்லாரும் சூழ நின்றார்கள். நான் அதை உருதுவில் கேட்டேன். மலையார் கோப்பையைப் பார்த்துக்கொண்டே பதில் சொன்னார். மொழிபெயர்க்க வேண்டியவன் நான்.

"கந்தோரில அந்த அம்மா நாட்டைப் பிழையா எழுதிப்போட்டாவாம்" என்றேன்.

"ஜெர்மன்காரி பிழை விட்டவளோ?" என்றான் தவம். மூன்று நாளில் முதல்முறையாகச் சனம் சிரித்தது. அந்தக் கதை அன்றைக்குத் தொடங்கியது.

தனியே இருக்கும்போது, ஏன் அந்த அம்மாவின் மேல் பிழையைப் போட்டீர்கள் என்று மலையாரைக் கேட்டேன். சப்பாத்துக்குக் கயிறு கோத்துக்கொண்டிருந்தார். "இந்த வீட்டில நாற்பது பேருக்கும் சேத்து ஒரு நாக்குத்தான் கிடக்கு. அதை நான் வெட்டினால் நாளைக்கு டொக்டரிட்ட ஆர் கதைக்கிறது?" என்றார். மன்னித்தேன் என்று சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. கட்டத்தைத் திருத்தக் கந்தோரில் மேலிடத்துக்கு எழுதிப் போட்டார்கள், இழுபட்டது, பதில் வரவில்லை. காஷ்மீர் என்று கிடந்திருந்தாலும் விசா கிடைத்திருக்காது என்று படித்த பிள்ளைகள் சொல்கிறார்கள். இருக்கலாம். கேட்டுப் பார்க்க அவருக்கு ஒரு வாய்ப்பு இருந்தது. அதை நான் எடுத்துவிட்டேன்.

பெர்லின் மதில் உடைந்த கிழமை, அப்போது நானும் மலையாரும் கொலோனில் ஆளுக்கொரு அறை எடுத்து வேலைக்குப் போய்க்கொண்டிருந்தோம், என் அறையில் தொலைக்காட்சி பார்க்க வந்தார். சனம் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஓடிக் கட்டிப்பிடித்து அழுதுகொண்டிருந்தது. "இவையளுக்கு இருபத்தெட்டு வருசம்" என்றார். பிறகு சட்டைப்பையிலிருந்து ஒரு கடிதத்தை எடுத்து மடியில் வைத்தார். சவூதிக் கடிதம். தாய் கோடையிலேயே போய்விட்டாள். செய்தி வர நான்கு மாதம். எழும்பிப் போய்த் தொலைக்காட்சியின் சத்தத்தை நிறுத்திவிட்டு வந்து, அந்த ஆட்கள் வாயசைப்பதைப் பார்த்துக்கொண்டிருந்தார். நானும் பார்த்துக்கொண்டிருந்தேன்.

பிற்காலத்தில் அவருக்கு ஜெர்மன் குடியுரிமை கிடைத்தது. இனிப் போகலாமே என்று ஒருதரம் சொன்னேன். "அங்க போய் ஆரின்ர குரலைக் கேக்கிறது?" என்றார். போகவில்லை.

அவரிடமிருந்து எனக்கு மிஞ்சியது என்னவென்று மகள் கேட்கிறாள். என்னுடைய நல்ல பெயர்தான். அது அவர் தந்தது. அதை வைத்துக்கொண்டு எத்தனை வருடம் எத்தனை பேரோடு கந்தோருக்கும் ஆஸ்பத்திரிக்கும் பாடசாலைக்கும் போனேன். துரை அண்ணை என்று கதிரை தூக்கிப் போட்டார்கள். ஒவ்வொரு கதிரையிலும் நான் அவருடைய பொய்யின் மேல்தான் இருந்தேன். இதை வாசிக்கிறவர்கள் இனி அந்தக் கந்தோர் அம்மாவைப் பகிடி பண்ண வேண்டாம். அவர் எழுதியதில் ஒரு பிழையும் இல்லை. அன்று அந்த மேசையில் நாங்கள் மூன்று பேர். அந்த அம்மா ஓய்வு பெற்றுச் சில வருடத்தில் காலமானார். மலையார் போன செவ்வாய்க்கிழமை. இன்னும் உயிரோடு இருப்பது வல்லிபுரம் செல்லத்துரை என்கிற நான்.